மூலையில் இரண்டு எழுத்து

என் தங்கை மகன் சென்னையில் ஒரு கம்பெனியில் சித்திரம் போடுகிறான். ஊரில் கேட்பவர்களுக்கு என் தங்கை அப்படித்தான் சொல்லி வைத்திருக்கிறாள். உண்மையில் அவன் பென்சிலைத் தொட்டு வருஷக் கணக்காகிறது. எல்லாம் கம்ப்யூட்டர் திரையில்தான். எங்கோ கடல் கடந்து எடுக்கிற படத்துக்கு இவன் இங்கே உட்கார்ந்து மேகத்தைத் திருத்துவான். குதிரையின் பிடரி மயிர் காற்றில் எந்தப் பக்கம் பறக்க வேண்டும் என்று ராத்திரி இரண்டு மணி வரை கண் விழித்துப் பார்ப்பான்.

சென்ற ஆவணியில் குலசேகரத்துக்கு லீவில் வந்தபோது அப்படிப்பட்ட ஒரு படத்தை லாப்டாப்பில் போட்டுக் காட்டினான். வெளியே நல்ல மழை. வீட்டு முன்கட்டில் தங்கை, அவள் கணவர், நான், அடுத்த வீட்டுக் குழந்தைகள் மூன்று பேர் எல்லோரும் கூடி உட்கார்ந்தோம். பயல் கதையைக் காட்டவில்லை. நேரே படத்தின் கடைசிக்குப் போனான். கறுப்புத் திரையில் பெயர்கள் கீழிருந்து மேலாக எறும்புச் சாரையாக ஏறிக்கொண்டிருந்தன. "இப்பம் வரும், இப்பம் வரும்" என்றான். சட்டென்று, "பாத்தியளா மாமா?" என்று கேட்டான். நான் பார்க்கவில்லை. மறுபடி ஓட்டினான். அப்போதும் தவறவிட்டேன். மூன்றாம் தடவை நிறுத்தி, விரலை வைத்துக் காட்டினான். நூற்றுக்கணக்கான பெயர்களுக்கு நடுவே, கடுகளவு எழுத்தில், எங்கள் வீட்டுப் பெயர்.

தங்கையின் கணவர் ஆயுசு முழுவதும் ரப்பரோடு கழித்தவர். அவர் சிரித்துக்கொண்டே, "ரப்பர் வெட்டுகவன் பேர டயர்லயா எழுதி வச்சிருக்கான்?" என்றார்.

விளையாட்டாகச் சொன்னதுதான். ஆனால் பயலின் முகம் சுருங்கிவிட்டது. அவனுக்குப் பதில் தெரியவில்லை. கதை எழுதிப் பிழைக்கிறவன் என்ற முறையில் எனக்காவது தெரிந்திருக்க வேண்டும். எனக்கும் தெரியவில்லை. பிறர் கண்ணுக்கு விருந்தாகும் ஒன்றைச் செய்துவிட்டு, செய்த கை இன்னாருடையது என்று தெரியாமலே போய்விட்டால், அந்த மனிதனுக்கு ஏதாவது நஷ்டம் உண்டா? கூலி கொடுத்தாகிவிட்டது. வேலையும் முடிந்துவிட்டது. இன்னும் என்ன பாக்கி?

இந்தத் தொழிலின் சுபாவமே விசித்திரமானது. திரையில் ஒரு வினாடிக்கு 24 படங்கள் ஓடுகின்றன. வால்ட் டிஸ்னியின் 'ஸ்னோ ஒயிட்' 1937ல் வந்தபோது அதன் நீளம் 83 நிமிஷம். கணக்குப் போட்டால் ஏறக்குறைய 1,20,000 படங்கள் நம் கண்முன் ஓடியிருக்கின்றன. ஒரே சித்திரத்தை இரண்டு படத்துக்கு நிறுத்தி வைத்தார்கள் என்று கொண்டாலும், அறுபதினாயிரம் தடவை யாரோ ஒருவர் குனிந்து உட்கார்ந்திருக்கிறார். தலைமைச் சித்திரக்காரர் ஓர் அசைவின் ஆரம்பத்தையும் முடிவையும் வரைவார். கை தாழ்ந்திருப்பது ஒன்று, உயர்ந்திருப்பது ஒன்று. இரண்டுக்கும் நடுவில் அந்தக் கை கடந்து போகும் இடங்களையெல்லாம் உதவியாளர்கள் வரைய வேண்டும். பிறகு வேறு சிலர் அதைக் கண்ணாடி போன்ற செல்லுலாய்டு தாளில் மையால் பிரதி எடுத்து, பின்புறம் வர்ணம் பூசுவார்கள். படம் பிடித்து முடிந்ததும் அந்தத் தாள்களைக் கழுவி மறுபடி உபயோகித்ததும் உண்டு. ஒரு வினாடியில் இருபத்து நாலில் ஒரு பங்கு நேரம் வாழ்வதற்காக ஒரு சித்திரம். அதிலும் அது தனியாகக் கண்ணில் பட்டுவிட்டால் தோல்வி! முன்னதோடும் பின்னதோடும் கரைந்து போனால்தான் வெற்றி. செய்தவன் மறைவது இருக்கட்டும், செய்ததே மறைய வேண்டிய தொழில்.

கலை இயக்குநரின் கதையும் ஏறத்தாழ இதுதான். 'சந்திரலேகா'வைப் பார்த்தவர்கள் அந்த முரசு நடனத்தை மறந்திருக்க மாட்டார்கள். 1948 ஏப்ரலில் வெளிவந்த படம். மைதானம் போன்ற அரங்கில் வரிசை வரிசையாகப் பிரும்மாண்டமான முரசுகள், அவற்றின் மேல் ஆடும் பெண்கள், ஆட்டம் ஓய்ந்ததும் முரசுகளுக்குள்ளிருந்து புறப்பட்டு வரும் வீரர்கள். எங்கள் பாட்டி ஒருத்தி சாகிற வரைக்கும் அதைச் சொல்லிக்கொண்டிருந்தாள். வாசனைத் தெரியும் அவளுக்கு, டி. ஆர். ராஜகுமாரியைத் தெரியும், ரஞ்சனைத் தெரியும். அந்தப் படத்தின் கலை இயக்குநர் ஏ. கே. சேகர் என்பது அவளுக்குத் தெரியாது. எனக்கே நாற்பது வயதுக்கு மேல்தான் தெரிந்தது. படப்பிடிப்பு முடிந்த மறுநாள் ஆணி பிடுங்கப்பட்டுவிடும் என்று தெரிந்துகொண்டே அரண்மனை கட்டுகிற மனிதனுடைய மனநிலை எப்படி இருக்கும்? வாடகை வீட்டில் ஒரு ஜன்னல் கதவு போட்டால்கூட நமக்கு வயிறு எரிகிறது.

அதே ஜெமினி ஸ்டூடியோவில் 1947ல் 'சினிமா கதம்பம்' என்று ஒரு சின்ன கார்ட்டூன் படம் தயாராயிற்று. அக்காலத்துத் திரையுலகப் பிரமுகர்களைக் கேலிச்சித்திரங்களாக ஆட விட்ட படம். செய்தவர் தாணு. இந்தப் பெயரைக் கேட்டவுடன் எங்கள் ஜில்லாக்காரனுக்குச் சுசீந்திரம் நினைவு வரும். தாணுமாலயன் கோயில் கொண்டிருக்கிற மண்ணில் தெருவுக்கு நாலு தாணு உண்டு. பெயர் ஒத்துப்போகிறது என்பதற்காக மனிதரையும் நம் பக்கத்துக்கு இழுத்துக்கொள்வது நியாயமில்லை. ஆனாலும் மனசு ஒரு துள்ளுத் துள்ளத்தான் செய்தது. பார்க்கப் போனால், பெயர் தெரிந்தால் இப்படித் துள்ளுவதற்காவது ஓர் இடம் கிடைக்கிறது. ஜெமினி ஸ்டூடியோ இன்று இல்லை. 1973ல் பக்கத்தில் கட்டிய மேம்பாலம் அண்ணாவின் பெயரைத் தாங்கி நின்றாலும், சென்னை ஜனங்களின் வாயில் அது ஜெமினி மேம்பாலம்தான். முதலாளி வைத்த பெயரைப் பாலம் சுமக்கிறது.

நம் நாட்டில் இந்தக் கலையை முறையாகப் பழக்கியது பம்பாயில் இருந்த அரசாங்கத் திரைப்படப் பிரிவு. 1956ல் கிளேர் வீக்ஸ் என்பவர் அமெரிக்காவிலிருந்து பயிற்சி கொடுக்க வந்தார். பாதிரிமார் குடும்பத்தில், இந்தியாவிலேயே பிறந்தவர். டிஸ்னியிடம் 'ஸ்னோ ஒயிட்'டிலும் 'பாம்பி'யிலும் வேலை பார்த்தவர். அவரிடம் பயின்ற இளைஞர்கள் ஜாதகக் கதை ஒன்றை எடுத்துக்கொண்டு ஓர் ஆலமரத்து மானின் கதையாகப் படம் செய்தார்கள்; 1957ல் வந்தது. அந்த இளைஞர்களில் ஒருவர் ராம் மோகன். சென்னைப் பல்கலைக்கழகத்தில் ரசாயனம் படித்துப் பட்டம் வாங்கியவர். பரிசோதனைக் குழாயை விட்டுவிட்டு பென்சிலைப் பிடித்தார். 1968ல் அரசாங்க வேலையை விட்டார். 1972ல் சொந்தமாக நிலையம் வைத்தார். மிருணாள் சென்னின் 'புவன் ஷோம்' படத்தில் வரும் அசையும் சித்திரங்கள் இவருடையவை. சத்யஜித் ராயின் 'சத்ரஞ்ச் கே கிலாடி'யில், வெள்ளைக்காரன் ஒவ்வொரு சமஸ்தானத்தையும் செர்ரிப் பழம் போல வாயில் போட்டுக்கொள்ளும் குறும்பான பகுதி ஒன்று உண்டல்லவா, அதுவும் இவர் செய்ததே. அதைப் பார்த்துவிட்டு, "ரேயின் குறும்பைப் பார்!" என்றுதான் நான் நண்பர்களிடம் சொல்லிக்கொண்டிருந்தேன். பிறகு ஜப்பானியரான யூகோ சாகோவுடன் சேர்ந்து ராமாயணத்தையே முழு நீளச் சித்திரப் படமாக எடுத்தார்கள், 1992ல் முடிந்தது. 2014ல் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். 2019 அக்டோபரில் காலமானார். அந்த ராமாயணம் நம் ஊர்க் கொட்டகைகளுக்கு முறையாக வந்தது 2025 ஜனவரியில்.

இவர் கதையில் குறை சொல்ல ஒன்றுமில்லை. பெயரும் கௌரவமும் கிடைத்தவர். ஆனால் அவருக்குக் கீழே இடைச் சித்திரங்களை வரைந்தவர்களின் கதை?

'பாம்பி' என்றேனே, அதில் ஒரு மனிதரின் கதை இருக்கிறது. டைரஸ் வாங் என்ற சீனர். 1910ல் பிறந்து, பத்து வயதுப் பிள்ளையாகத் தகப்பனோடு அமெரிக்காவில் வந்து இறங்கியவர். 1938ல் டிஸ்னி ஸ்டூடியோவில் இடைச் சித்திரம் வரையும் வேலையில் சேர்ந்தார். கண் போகிற வேலை. மான்குட்டிக் கதை ஒன்றைப் படமாக்கப் போகிறார்கள் என்று கேள்விப்பட்டு, தாமாகவே வீட்டில் உட்கார்ந்து சின்னச் சின்ன வன ஓவியங்கள் தீட்டிக்கொண்டு போய்க் காட்டினார். அதுவரை அங்கே காடு என்றால் ஒவ்வோர் இலையையும் வரைவது வழக்கம். இவர் மூடுபனியைத் தீட்டினார். இலைகளை விட்டுவிட்டு ஈரத்தைக் காட்டினார். பழைய சீன ஓவியத்தின் வழி அது. டிஸ்னிக்குப் பிடித்துவிட்டது. 'பாம்பி'யின் காடு முழுவதும் இவர் காட்டிய சாயையில் அமைந்தது. 1941ல் ஸ்டூடியோவில் பெரிய வேலைநிறுத்தம். திரையில் பெயர் போடுகிற விவகாரமும் தொழிலாளர் குறைகளில் ஒன்று. வாங் வேலைநிறுத்தத்தில் சேரவில்லை. இருந்தும் அதன் பிறகு வேலை போயிற்று. மறு வருஷம் படம் வந்தபோது, பின்னணி வரைந்த பலரில் ஒருவராக அவர் பெயர் ஓடி மறைந்தது. வேறொரு ஸ்டூடியோவில் இருபத்தாறு வருஷம் வேலை பார்த்து ஓய்வு பெற்றார். 2001ல், தொண்ணூறு வயதில், டிஸ்னி கம்பெனி கூப்பிட்டுக் கௌரவித்தது. 106 வயது வாழ்ந்து 2016ல் இறந்தார். கடைசிக் காலத்தில் கையாலேயே காற்றாடிகள் செய்து கடற்கரையில் பறக்கவிட்டுக்கொண்டிருந்தாராம்.

இந்த இடத்தில் நம்மவர்கள் ஒரு வார்த்தை சொல்லுவார்கள். "இதெல்லாம் மேல்நாட்டு வியாதி. நம் சிற்பிகள் பெயர் பொறித்துக்கொண்டார்களா? பத்மநாபபுரம் அரண்மனையின் மேல் மாடியில் சுவர் நிறைய மூலிகை வர்ணத்தில் தெய்வங்களை எழுதி வைத்தவன் யார்? பெயர் உண்டா? அகங்காரத்தை அழிப்பதல்லவா நம் கலை?" மேடைகளில் நானே இதைச் சொல்லிக் கைதட்டல் வாங்கியிருக்கிறேன். கேட்க நன்றாக இருக்கும். உண்மையா என்று நான் யோசித்ததில்லை.

தஞ்சாவூருக்குப் போய்ச் சுவரைப் படித்தால் தெரியும். 1010ஐ ஒட்டி முடிந்த பெரிய கோயில். கோயிலில் ஆடிய பெண்கள் நானூறு பேர். அந்த நானூறு பேரின் பெயரையும், எந்த ஊரிலிருந்து வந்தவள், எந்தத் தெருவில் எந்தச் சிறகில் எத்தனையாவது வீட்டில் குடியிருக்கிறாள் என்பது உட்பட ராஜராஜன் கல்லில் வெட்டி வைத்திருக்கிறான். பெருந்தச்சன் பெயர் இருக்கிறது. நாவிதனுக்குக்கூட அரசன் பெயரோடு சேர்த்துப் பட்டம் கொடுத்திருக்கிறது. தான் கொடுத்ததை மட்டுமல்ல, பிறர் கொடுத்ததையும் வெட்டச் சொன்ன மகராசன். பெயரைத் துச்சமாக நினைத்த நாடா இது? ஆனால் அதே கோயிலில் கருவறையைச் சுற்றிய இருட்டு நடையில் அற்புதமான ஓவியங்கள் இருக்கின்றன. எழுதியவனை நாம் அறியோம். பழைய ஓவியன் பெயரைத் துறந்தானா, பெயர் எழுதும் இடத்துக்கு அவன் வரவில்லையா என்பதை இன்று யார் சொல்வது? நாம் அவன் சார்பில் துறவு பூண்டுவிடுகிறோம். அது நமக்குச் செலவில்லாத காரியம்.

சின்ன வயதில் கோயில் கொடையின்போது தோல்பாவைக்கூத்து பார்த்திருக்கிறேன். நாஞ்சில் நாட்டில் அப்போது அது சாதாரணம். வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டி, பின்னால் விளக்கை வைத்து, ஆட்டுத் தோலில் வெட்டி வர்ணம் தீட்டிய பாவைகளை ஒரே மனிதர் ஆட்டுவார். ராமனும் அவர் குரல், ராவணனும் அவர் குரல்; உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் வந்து அடிக்கிற கூத்தும் அவருடையதே. இன்று யோசித்தால், சித்திரங்களை ஆட வைக்கிற வித்தை எங்களுக்குப் பம்பாயிலிருந்து வர வேண்டியிருக்கவில்லை என்று தோன்றுகிறது. ஜெர்மனியில் லோட்டே ரைனிகர் என்ற அம்மாள் நிழலுருவங்களைக் கத்தரித்து வைத்து 1926லேயே ஒரு முழு நீளப் படம் செய்தாள்; எங்கள் கூத்துக்காரருக்கு அவள் ஒரு வகையில் தங்கை முறை. அவரும் திரைக்குப் பின்னால்தான் இருந்தார். முகத்தை யாரும் பார்க்கவில்லை. ஆனால் விடிந்ததும் அவர் வெளியே வருவார். டீக்கடையில் உட்காருவார். "நேத்தைக்கு அனுமாருக்கு சவுண்டு கொறஞ்சுபோச்சே" என்று யாராவது கேட்பார்கள். "தொண்ட கட்டிப்போச்சு அண்ணாச்சி" என்பார். அவருக்குக் கல்வெட்டு தேவைப்படவில்லை. ஊர் இருந்தது.

மழை விட்ட மறுநாள் காலையில் தங்கையின் கணவரோடு அவர் விளைக்குப் போனேன். பால் வெட்டுகிறவர்கள் இருட்டோடு வந்து, நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு வெட்டி முடித்துப் போயிருந்தார்கள். சிரட்டைகளில் பால் சொட்டிக்கொண்டிருந்தது. ஒரு மரத்தருகே நின்று பட்டையைத் தடவிப் பார்த்தார். "இது பழைய ஆளு வெட்டு. கத்தி எறங்குனதே தெரியாது பாருங்க. அந்த வரிசை புதுப் பயலுக்க வெட்டு, மரத்துல பட்டு முண்டும் முழையுமா ஆக்கிப்போட்டான்" என்றார். இருநூறு மரத்துக்கும் அவரால் சொல்ல முடியும் போலிருந்தது. முந்தின ராத்திரி தாம் சொன்னதற்குத் தாமே பதில் சொல்லிவிட்டார் என்பது அவருக்குத் தெரியவில்லை. நானும் எடுத்துச் சொல்லவில்லை. டயரில் பெயர் வேண்டாம். ஆனால் இது இன்னார் கை என்று கண்டுகொள்கிற ஒரு ஜீவன் எங்காவது இருக்க வேண்டும். தெரிந்துகொள்ளக் கூடிய இடத்தில் இருக்கிறவன் தெரிந்துகொள்ளாமல் இருந்தால், அங்கேதான் குற்றம் ஆரம்பமாகிறது. பணிவு என்பது ஒருவன் தானாகக் கொடுப்பது. அவன் கையிலிருந்து பிடுங்கிக்கொண்டு, அதற்குப் பணிவு என்று நாம் பெயர் வைத்தால் அது வேறு.

இதை இவ்வளவு நிச்சயமாக எழுத எனக்கு ஒரு காரணம் உண்டு. பல வருஷங்களுக்கு முன் ஒரு வாரப் பத்திரிகையில் என் தொடர்கதை 42 வாரம் வந்தது. நான் இங்கிருந்து தபாலில் அனுப்புவேன். அங்கே ஒருவர் படம் போடுவார். என் கதாநாயகிக்கு நான் மூக்கு, முழி எதுவும் எழுதவில்லை. நல்ல பெண் என்று மட்டும் எழுதியிருந்தேன். அவர்தான் அவளுக்குச் சற்றே நிமிர்ந்த மோவாயைக் கொடுத்தார். மனசில் ஏதாவது ஓடும்போது முந்தானை நுனியை ஆள்காட்டி விரலில் சுற்றிக்கொள்ளும் வழக்கத்தையும் கொடுத்தார். முதலில் கவனிக்கவில்லை. பத்தாவது வாரம் போல, அவள் என் எழுத்திலேயே முந்தானையைச் சுற்ற ஆரம்பித்துவிட்டாள். கடைசி அத்தியாயத்தில், அவள் சுற்றிய முந்தானையை விடுவித்துவிட்டு எழுந்து போவதோடு கதை முடியும். வாசகர்கள் அதைத்தான் பாராட்டினார்கள். ஒரு கூட்டத்தில் பேராசிரியர் ஒருவர் அரை மணி நேரம் அந்த விரலைப் பற்றியே பேசினார். நான் தலையைக் குனிந்து கேட்டுக்கொண்டேன். அதை அடக்கம் என்று எல்லோரும் நினைத்தார்கள்.

புத்தகம் படமில்லாமல் வந்தது. செலவு கட்டாது என்றார்கள். நானும் சரி என்றேன். முன்னுரையில் ஆசிரியருக்கு நன்றி, பதிப்பாளருக்கு நன்றி, பிழை திருத்தியவருக்கு நன்றி.

அவரை ஒரே ஒரு தடவை பார்த்தேன், சென்னையில் ஒரு கல்யாணத்தில். யாரோ, "இவர்தான் உங்க கதைக்குப் படம் போட்டவர்" என்று அறிமுகப்படுத்தினார்கள். ஒல்லியான மனிதர். என் கையைப் பிடித்துக்கொண்டு, "அந்தப் பொண்ணு நல்லா இருக்காளா சார்?" என்று கேட்டார். கட்டிக் கொடுத்த மகளைப் பற்றி விசாரிப்பது போல. "இருக்கா, இருக்கா" என்று சிரித்தேன். பந்திக்குக் கூப்பிட்டார்கள், போய்விட்டேன். சில வருஷம் கழித்து யாரோ ஒரு கார்டில் எழுதியிருந்தார்கள்: உங்கள் கதைக்குப் படம் போட்டவர் காலமாகிவிட்டார்.

இப்போது அந்த நாவலுக்கு மறுபதிப்பு வருகிறது. முதல் பக்கத்தில் அவர் பெயரைப் போட வேண்டும் என்று எழுதிவிட்டேன். பதிப்பகத்தார் தாராளமாகப் போடலாம், பெயரை அனுப்புங்கள் என்றார்கள். அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. அந்தப் பத்திரிகை அவர் பெயரைத் தனியே அச்சிட்டதில்லை. படத்தின் மூலையில் அவர் போட்ட இரண்டு எழுத்துக் கையெழுத்துத்தான். கல்யாணத்தில் நானும் கேட்கவில்லை. பத்திரிகை நின்று போயிற்று. கார்டு எழுதியவரும் இல்லை.

பைண்டு பண்ணி வைத்திருந்த பழைய இதழ்களை எடுத்துப் பயலிடம் கொடுத்தேன். லீவு முடிந்து ஊருக்குத் திரும்புகிற அன்று சாயங்காலம், படங்களை ஒவ்வொன்றாகப் போட்டோ எடுத்து, மூலையைத் திரை அளவுக்குப் பெரிதாக்கினான். தாள் மஞ்சளித்து, மை பரவியிருந்தது. முதல் எழுத்து 'சு' என்பதில் சந்தேகமில்லை. இரண்டாவது எழுத்தை 42 படங்களிலும் மாறி மாறிப் பார்த்தோம். பஸ்ஸுக்கு நேரமாகிறது என்று தங்கை உள்ளேயிருந்து குரல் கொடுத்துக்கொண்டே இருந்தாள்.

"மாமா, இது ரகரமா, இல்லேண்ணா கால் மாதிரி வெறும் ஒரு கோடு இழுத்து விட்டிருக்காரா?" என்றான்.

நான் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி குனிந்தேன்.